நூறு ரூபாய் வெட்டு

பனைமேட்டுக்கு அந்தச் சேதி மாலை மரியாதையோடுதான் வந்தது. கட்சியின் கிளைச் செயலாளர் ஜெயக்குமார், ஊர் வாட்ஸப் குழுவில் தொண்டையைக் கனைத்துக்கொண்டு பேசி அனுப்பியிருந்தான். நம் எம்.எல்.ஏ. வேண்டா அம்மா பனைமேட்டுப் பாலத்துக்காகச் சட்டசபையில் வெட்டுத் தீர்மானம் கொடுத்திருக்கிறார், நாளைக்கு அது சபைக்கு வருகிறது, ஊர் மக்களுக்கு வாழ்த்துகள் என்று சொல்லி, கீழே கும்பிடு போட்ட கைகளும் ஒரு பூங்கொத்தும் வைத்திருந்தான். வெட்டுத் தீர்மானம் என்றால் என்ன என்று அவனுக்கும் தெரியாது. தெரியாத சொல்லைப் பெருமையாகச் சொல்வதில் அவனை மிஞ்ச ஆளில்லை.

சாராள் மாமல்லபுரத்துக் கடற்கரை விடுதி ஒன்றில் அறைகளைச் சுத்தம் செய்கிறவள். படுக்கை விரிப்பை உதறிக்கொண்டே போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவில் இடுக்கி அதைக் கேட்டாள். பாலம் என்ற சொல் வந்ததும் முகம் மலர்ந்தது. வெட்டு என்ற சொல் வந்ததும் விரிப்பு கையிலிருந்து நழுவியது. இன்னும் கட்டவே இல்லையே, அதற்குள் எதை வெட்டுகிறார்கள்?

பனைமேடு இருக்கும் இடத்தைச் சொன்னால்தான் அந்த விரிப்பு ஏன் நழுவியது என்று விளங்கும். கிழக்கே கடல், அதையொட்டிக் கிழக்குக் கடற்கரைச் சாலை, அதற்கு இந்தப் பக்கம் பக்கிங்காம் கால்வாய். கால்வாய்க்கு மேற்கே ஊர். வேலை, பள்ளிக்கூடம், கடை, பஸ் எல்லாமே தண்ணீருக்கு அந்தப் பக்கம். இருந்த நடைபாலம் போன புயலில் இடுப்பொடிந்து உட்கார்ந்துவிட்டது. அதற்குப் பிறகு ஒரு பைபர் படகு. இரண்டு கரைக்கும் கயிறு கட்டி, இந்தக் கரையிலிருந்து ஒருவர் இழுக்க, அந்தக் கரையிலிருந்து ஒருவர் விட, அப்படித்தான் ஊர் போய் வருகிறது. மழை பிடித்துக்கொண்டால் கால்வாய் பொங்கும், படகு ஓடாது. மேற்கே சுற்றிப் போகும் மண்பாதையும் ஏரித் தண்ணீருக்குள் போய்விடும்.

சாராளின் கணவன் ஏசுபாதம் ஷேர் ஆட்டோ ஓட்டியவன். இரண்டு சிறுநீரகமும் கைவிட்டு, இப்போது வாரத்துக்கு இரண்டு முறை செங்கல்பட்டுப் பெரிய ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ். ஒரு முறை தவறினாலும் உடம்பு ஊதும், மூச்சு இழுக்கும். போன மழையில் அப்படித்தான் ஒரு முறை தவறிப்போயிற்று. பிளாஸ்டிக் நாற்காலியில் அவனை உட்காரவைத்து, நாலு பேர் கழுத்தளவு தண்ணீரில் தலைக்கு மேலே தூக்கிக்கொண்டு போனார்கள். அக்கரையில் ஆம்புலன்ஸ் விளக்கு சுற்றிக்கொண்டே நின்றது. அன்றைக்குச் சாராள் ஜெபத்தில் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: அடுத்த மழைக்குள் ஒரு பாலம்.

அந்தப் பாலத்தைத்தான் வெட்டுகிறார்களாம்.

சாயங்காலம் கால்வாய்க்கரையில் ஊரே கூடிவிட்டது. வார்டு மெம்பர் அருணகிரி படகுக் கயிற்றைக் காலில் மிதித்துக்கொண்டு நின்றான். அச்சரப்பாக்கம் பக்கத்து விவசாயக் குடும்பத்தில், மூன்று பெண்ணுக்குப் பிறகு நாலாவதும் பெண்ணாய்ப் பிறந்ததால், இனிப் பெண் வேண்டாம் என்று சாமிக்குச் சொல்லும் விதமாக வைத்த பெயர் வேண்டா. அந்தப் பெயர் அருணகிரியின் வாயில் அன்று படாத பாடு பட்டது.

"ஓட்டு கேக்க வந்தப்ப பாலம் வேணும் வேணும்னா. உள்ள பூந்ததும் பேருக்கு ஏத்தாப்ல வேண்டான்னுட்டா."

சிரித்தவர்கள் சிரித்தார்கள். பக்கத்து வீட்டுப் பொன்னி மட்டும் சிரிக்காமல் சாராளைப் பார்த்தாள். "நீதான அக்கா அவ கைய புடிச்சிகினு வூடு வூடா இட்டுகினு போன? பாவப்பட்ட பொண்ணு, சொன்னா செய்யும்னு நீதான சொன்ன?"

அது உண்மைதான். வேண்டா ஓட்டுக் கேட்டு வந்தபோது படகில் நிற்கத் தெரியாமல் தடுமாறி, ஏசுபாதத்தின் தோளைத்தான் பிடித்துக்கொண்டாள். பிறகு அவன் கையில் ஊசி குத்திக் குத்தி வீங்கியிருந்த இடத்தைப் பார்த்துவிட்டு வெகுநேரம் பேசாமல் இருந்தாள். அந்த மௌனத்தை நம்பித்தான் சாராள் அவளுக்காக வீடு வீடாக ஏறினாள்.

பேசிப் பேசி ஊர் ஒரு முடிவுக்கு வந்தது. மறுநாள் காலையில் கடற்கரைச் சாலையில் மறியல். சாராள் எப்படியும் புருஷனோடு செங்கல்பட்டு போகிறாள், எம்.எல்.ஏ. வீடும் அங்கேதான். நேராகப் போய்த் தீர்மானத்தை வாபஸ் வாங்கு என்று சொல்லட்டும். வாங்கிவிட்டால் ஒரு போன். வாங்காவிட்டால் ஊர் ரோட்டில் உட்காரும்.

மறுநாள் முதல் பஸ்ஸில் திருக்கழுக்குன்றம் வழியாகப் போகும்போது ஏசுபாதம் ஜன்னல் கம்பியில் தலையைச் சாய்த்துக்கொண்டு, வெட்டினால் வெட்டட்டும், எனக்கென்று தனியாகவா பாலம் கட்டப்போகிறார்கள் என்றான். வாயை மூடிக்கொண்டு உட்காரச் சொன்னாள். அவன் பாதம் செருப்புக்குள் அடங்காமல் பிதுங்கி நின்றது. அதைப் பார்க்கும்போதெல்லாம் அவளுக்கு ஐப்பசி மழைதான் ஞாபகம் வரும்.

அவனை வார்டில் மெஷினுக்குப் பக்கத்தில் படுக்க வைத்துவிட்டு, கொளவாய் ஏரிப் பக்கத்துச் சந்தில் இருந்த எம்.எல்.ஏ. வீட்டுக்கு ஓட்டமும் நடையுமாகப் போனாள். வாசலில் கார் உறுமிக்கொண்டிருந்தது. வேண்டா நின்றபடியே நாஸ்தாவை முடித்துவிட்டு, கஞ்சி போட்ட சேலை மடிப்பு நலுங்காமல், இடது கையில் ஒரு காகிதத்தோடு இருந்தாள். கண்ணைப் பார்த்தால் தூங்கியவள் போல இல்லை.

சாராள் வாயைத் திறப்பதற்குள் அவளே சொன்னாள். மறியல் பேச்சு இரவே மாவட்டச் செயலாளர் காதுக்குப் போய்விட்டதாம். உன் தொகுதி ஆட்களே உனக்கு எதிராக ரோட்டில் உட்கார்ந்தால், அந்தப் பக்கத்து ஆளுங்கட்சிக்காரர்கள் மேஜையைத் தட்டிச் சிரிப்பார்கள், கட்சி மானம் போகும், பேசாமல் வாபஸ் வாங்கு என்று போனில் காய்ச்சி எடுத்துவிட்டாராம். "இதோ எழுதிட்டேன் அக்கா. கையெழுத்துதான் பாக்கி. ஊரே வேணாம்னா நான் மட்டும் எதுக்கு மல்லுக்கட்டணும்?"

வந்த வேலை முடிந்தது. சாராள் அப்படியே திரும்பியிருக்கலாம். ஆனால் வயிற்றெரிச்சல் ஒன்று இருக்கிறதே, அது கேள்வி கேட்காமல் விடாது.

"ஒண்ணே ஒண்ணு சொல்லும்மா. எங்க பாலத்துல எம்மாம் வெட்றதா இருந்த?"

"நூறு ரூபா."

"நூறு கோடியா?"

"நூறு ரூபா அக்கா. ஒரே ஒரு நோட்டு."

சாராள் அவளை ஏற இறங்கப் பார்த்தாள். நூறு ரூபாய் குறைந்தால் எந்தப் பாலம் நின்றுபோகும்? ஒரு சட்டி ஜல்லி வராது. அவள் முழிப்பதைப் பார்த்து வேண்டா காரின் கதவைத் திறந்தபடியே சொல்ல ஆரம்பித்தாள். ஒருவருக்காவது சொல்லிவிட வேண்டும் என்று ஏங்கிக்கொண்டிருந்தாளோ என்னவோ, வார்த்தைகள் வேகவேகமாக வந்து விழுந்தன.

சபையில் இருநூற்று முப்பத்து நாலு பேர். முன்பு மேலவை என்று இன்னொன்று இருந்தது, அதை எப்போதோ எடுத்துவிட்டார்கள். இப்போது இந்த ஒரே அவைதான். அமைச்சர்கள் ஒவ்வொரு துறையாக எழுந்து, இந்த வருடம் எங்களுக்கு இவ்வளவு செலவு, தாருங்கள் என்று கேட்க வேண்டும். சபை சரி சொல்லாமல் கஜானாவிலிருந்து ஒரு ரூபாய் நகராது. அமைச்சரே ஆனாலும் கேட்டுத்தான் வாங்க வேண்டும்.

"ஆனா எங்களால கூட்டிக் குடுன்னு சொல்ல முடியாது அக்கா. அந்த அதிகாரம் உறுப்பினருக்கு இல்ல. கொறைன்னு மட்டும்தான் சொல்லலாம். அதனால நூறு ரூபா கொறைங்கன்னு எழுதிக் குடுப்போம். ஏன் கொறைக்கணும்? பனைமேட்டுப் பாலத்த கட்டாததால. அந்த ஏன்-ஐ சபையில சொல்றதுக்குத்தான் இந்த நூறு. பணத்துக்கு இல்ல."

சாராள் நழுவிய முந்தானையை இழுத்துச் செருகினாள். பிறகு, "அப்போ இது வெட்டே இல்ல. கிள்ளு" என்றாள். "கொழந்த அம்மாவ கிள்ற மாதிரி, திரும்பிப் பாக்கட்டும்னு."

அன்று காலையில் முதல் தடவையாக வேண்டா சிரித்தாள். சிரித்துக்கொண்டே காரின் முன்பக்கத்தில் காகிதத்தை வைத்துப் பேனா மூடியைத் திறந்தாள். கைக்கு ஏற்கெனவே சொல்லியாகிவிட்டது, அது தன் வேலையைச் செய்யப் போனது.

"வேண்டாம்மா!"

டிரைவர் திரும்பிப் பார்த்தான். வேண்டாவும் பேனாவை நிறுத்தினாள். "என்ன கூப்பிட்டியா, கையெழுத்து வேணான்றியா?"

"ரெண்டுந்தான்" என்றாள் சாராள்.

வேண்டா காகிதத்தை மடித்துக் கையில் வைத்துக்கொண்டாள், கிழிக்கவில்லை. மறியல் மட்டும் நடந்துவிட்டால் கட்சி தன்னை எழுந்திருக்கவே விடாது, தனக்கென்று ஒதுக்கிய சில நிமிடங்கள் வேறு ஆளுக்குப் போய்விடும் என்று சொல்லி, சாராளின் முகத்தையே பார்த்தாள். மறியல் நடக்காது, நீ போ என்றாள் சாராள். கார் போய்விட்டது. சந்தில் தனியாக நின்றபோதுதான் அவளுக்கு உறைத்தது: ஊருடைய வாக்கை அவள் தன் வாயால் கொடுத்துவிட்டாள். அதைக் கொடுக்க அவள் யார்?

அருணகிரிக்குப் போன் போட்டாள். பின்னால் கூச்சல், லாரி ஹாரன். ஆட்கள் ஏற்கெனவே சாலையோரத்துக்கு வந்துவிட்டார்கள். சாராள் மூச்சு வாங்கிக்கொண்டு, நூறு ரூபாய்தான் மெம்பரே என்று ஆரம்பித்தாள். மேற்கொண்டு அவன் விடவில்லை.

"நூறு ரூபா கூட நம்மளுக்கு வுட மனசில்லயா அவளுக்கு? கேட்டுக்கங்கடா, நூறு ரூபாயக்கூட வெட்றாளாம்."

கூச்சல் இரண்டு மடங்காயிற்று. கிள்ளு என்றாள், கொழந்தை என்றாள், சபை என்றாள். எதுவும் அந்தச் சத்தத்துக்குள் ஏறவில்லை. யாரோ சாலையில் கல்லை உருட்டிப் போடும் ஓசை கேட்டது. இன்னும் கொஞ்சம் போனால் உட்கார்ந்துவிடுவார்கள். உட்கார்ந்தால் கோட்டைக்குள் சபையில் அந்தப் பெண் எழுந்திருக்க முடியாது.

"வாபஸ் வாங்கிட்டாங்க" என்றாள் சாராள். "என் கண்ணெதிர்ல எழுதிட்டாங்க."

எழுதியது நிஜம். மீதி பொய். போனுக்குள் கைதட்டல் கேட்டது. பேதுரு மூன்று முறை மறுதலித்ததும் கோழி கூவியதாம்; இவள் ஒரே முறையில் முடித்துவிட்டாள். கூவக் கோழி இல்லை, அவ்வளவுதான்.

வார்டுக்குத் திரும்பியபோது ஏசுபாதத்தின் ரத்தம் குழாய்க்குள் போய் வந்துகொண்டிருந்தது. பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்தாள். உட்கார முடியவில்லை, எழுந்தாள். எழுந்து நின்று என்ன செய்வது, மறுபடி உட்கார்ந்தாள். வேண்டா சபையில் பேசினால் சேதி வெளியே வரும், பொய் உடையும், ஊர் முகத்தில் முழிக்க முடியாது. அவள் பேசாவிட்டால் பாலம் இல்லை. இரண்டில் எது நடக்கவேண்டும் என்று கர்த்தரிடம் கேட்பது? கேட்கும்போதே பயமாக இருந்தது. போன் ஒவ்வொரு முறை அதிரும்போதும் பாய்ந்து எடுத்தாள். திறந்து பார்த்தால் ரீசார்ஜ் முடிகிறது என்று கம்பெனிக்காரன்.

"உன் மொகம் இன்னா, கழுவாத சட்டி மாதிரி கீது?" என்று கேட்டான் ஏசுபாதம்.

குனிந்து அவன் காதோடு எல்லாவற்றையும் சொன்னாள். அவன் சிரிக்கப் பார்த்து இருமினான். மெஷின் கீச்சிட்டது, நர்ஸ் வந்து இரண்டு பேரையும் முறைத்துவிட்டுப் போனாள். ஊர்க்காரர்கள் கேட்டால் நான் சொல்லச் சொன்னேன் என்று சொல்லிவிடு, நோயாளியை அடிக்கமாட்டார்கள் என்றான். அவன் விளையாட்டாகச் சொன்னது அவளை அழவைத்துவிட்டது.

மெஷினைக் கழற்றி, கையில் பஞ்சை அழுத்திக் கட்டி, பஸ் ஏறும்வரை ஒரு சேதியும் இல்லை. பஸ் திருக்கழுக்குன்றம் தாண்டியபோது ஜெயக்குமாரின் குரல் வந்தது. இந்த முறை கனைப்பு இல்லை, பூங்கொத்தும் இல்லை. வெட்டுத் தீர்மானம் குரல் வாக்கெடுப்பில் தோற்கடிக்கப்பட்டது என்பதை வருத்தத்துடன் தெரிவித்துக்கொள்கிறான்.

சாராள் அதை மறுபடி போட்டுக் கேட்டாள். தோற்றுவிட்டது. கிள்ளிய கையைத் தட்டிவிட்டார்கள். அந்தப் பெண் எல்லாவற்றையும் சொன்னாளே, தோற்றால் என்ன ஆகும் என்பதைச் சொல்லாமல் போய்விட்டாளே.

ஆனால் குழுவில் வேறு மாதிரி கொண்டாட்டம் நடந்துகொண்டிருந்தது. வெட்டு தோற்றது, பாலம் பிழைத்தது என்று ஒருவன் போட, கால்வாய்க்கரையில் பட்டாசு வெடிப்பதை இன்னொருவன் படம் பிடித்துப் போட்டிருந்தான். அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அருணகிரியின் போன் வந்தது. அவன் கத்தவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

"வாபஸ் வாங்குனது எப்படிம்மா தோத்துது?"

வைத்துவிட்டான்.

கால்வாய்க்கு வந்து சேர்ந்தபோது வெயில் தாழ்ந்து தண்ணீர் பித்தளை நிறத்தில் கிடந்தது. அக்கரையில் ஊர் நின்றது. படகில் கணவனை உட்காரவைத்து, அவன் முதுகைத் தன் முழங்காலுக்கு முட்டுக்கொடுத்துக்கொண்டு சாராள் நின்றாள். கயிறு இறுகியது, படகு நகர்ந்தது. பாதித் தண்ணீரில் கயிறு தளர்ந்தது. அருணகிரி இழுப்பதை நிறுத்திவிட்டான்.

"சொல்லிட்டு வாம்மா. பொய்யா, நெசமா?"

"பொய்தான் மெம்பரே" என்றாள். குரல் தண்ணீர்மேல் தெளிவாகப் போயிற்று. "நான் சொன்ன நெசம் உங்க காதுல ஏறல. அதனால பொய் சொன்னேன்."

கரையில் சலசலப்பு எழுந்தது. பொன்னி என்னவோ திட்டினாள். காற்றில் படகு மெல்லத் திரும்பியது. ஏசுபாதம் கட்டுப்போட்ட கையை மார்போடு சேர்த்துக்கொண்டான். அந்த நேரத்தில்தான் சாராளின் போன் அடித்தது. வேண்டா. சாராள் ஒரு கணம் யோசித்துவிட்டு, ஸ்பீக்கரைப் போட்டுப் போனைத் தலைக்குமேல் தூக்கிப் பிடித்தாள். ஊரே கால்வாயில் இறங்காத குறையாக முன்னால் வந்தது.

பேசிவிட்டேன் அக்கா என்றது குரல். தொண்டை கட்டியிருந்தது. பனைமேடு என்று பெயர் சொன்னேன், மழையில் நாற்காலியில் வைத்துத் தூக்கிக்கொண்டு போனதைச் சொன்னேன், அந்தப் பக்கத்தில் இரண்டு பேர் சிரித்தார்கள், சபாநாயகர் அவர்களைப் பார்த்ததும் அடங்கிவிட்டார்கள் என்றது.

அருணகிரி கரையிலிருந்தே கேட்டான். "அப்பறம் ஏன் தோத்துது?"

"யாரு, மெம்பரா? தோக்கத்தாங்க செய்யும். அவங்க பக்கம்தான ஆளு ஜாஸ்தி? எல்லாத் தீர்மானத்தையும் ஒண்ணா சேத்து கடைசில சபாநாயகர் கேப்பாரு, அவங்க ஒரே கொரலா இல்லைன்னுவாங்க, முடிஞ்சிடும். ஜெயிக்கறதுக்காக கொண்டாறது இல்லீங்க அது. அதுக்கு முன்னாடி அமைச்சர் எழுந்து பதில் சொல்லணும் பாருங்க, அதுதான் நம்மளுக்கு."

"இன்னா சொன்னாரு?"

"மண் பரிசோதன பண்ணி ஆவன செய்யப்படும்னாரு."

ஊர் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தது. ஆவன என்றால் என்ன என்று பொன்னிதான் கேட்டாள். ஆகவேண்டியதைச் செய்வோம் என்று அர்த்தமாம். பரிசீலிப்போம் என்று சொல்லியிருந்தால் காற்றோடு போயிருக்கும். ஆவன செய்வோம் என்றால் அது உறுதிமொழி. சபைக் குறிப்பில் ஏறிவிட்டது. செய்தாயா, ஏன் செய்யவில்லை என்று துறையைக் குடைவதற்கென்றே அங்கே ஒரு குழு இருக்கிறதாம். வேண்டா சொல்லச் சொல்ல, அருணகிரி கயிற்றைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டு, தலையைச் சாய்த்துக் கேட்டான்.

சாராளுக்கு வேண்டியது வேறு. "மழைக்கு முன்னாடியாம்மா?"

போனை வாய்க்குப் பக்கத்தில் இறக்கிப் பிடித்துக் கேட்டாள்.

"அத கேக்கறதுக்குள்ள மணி அடிச்சிட்டாங்க அக்கா" என்றாள் வேண்டா.

கயிறு இன்னும் தளர்ந்தே கிடந்தது. ஏசுபாதம்தான், குளிர்கிறது மெம்பரே, இழுக்கிறதாக இருந்தால் இழு என்றான். அருணகிரி இழுத்தான். படகு கரையில் முட்டியதும் அவனே இறங்கி முழங்கால் தண்ணீரில் நின்று ஏசுபாதத்தின் அக்குளில் கை கொடுத்தான். "பாத்து அண்ணாத்த, வழுக்கும்." சாராளின் பக்கம் திரும்பாமலே சொன்னான்: "நாங்க ரோட்ல குந்தியிருந்தா?"

"அவங்க சபையில எழுந்தே இருக்க முடியாது."

"நெசத்த இன்னும் கொஞ்சம் கத்தி சொல்லியிருக்கலாம் நீ." அதற்குமேல் அவன் அதைப் பற்றிப் பேசவில்லை. ஊரில் சிலர் பேசினார்கள், பல நாள் பேசினார்கள். பொன்னி ஒரு மாதம் முகம் கொடுக்கவில்லை. அதையெல்லாம் சாராள் வாங்கிக்கொண்டாள்.

மண் பரிசோதனைக்கு ஆட்கள் வந்தது ஆடி மாதத்தில். குழாயை இறக்கி, சேற்றை டப்பாவில் அடைத்து, ஊர் முழுக்க வேடிக்கை பார்க்க வேலை செய்தார்கள். அருணகிரி ஒவ்வொருவராகப் பிடித்து, பாலம் எப்போது என்று கேட்டான். அறிக்கை போகணும், மதிப்பீடு போகணும், டெண்டர் வரணும் என்றார் கூட வந்த பொறியாளர். நல்ல மனுஷர், பொய் சொல்லத் தெரியவில்லை. வானத்தைப் பார்த்துவிட்டு, இந்த மழை முடிந்துதான் என்றார்.

சாராள் அதைக் கேட்டு அழவில்லை. ஐப்பசி பிறப்பதற்குள் ஏசுபாதத்தின் பாய், இரண்டு லுங்கி, மாத்திரைப் பை எல்லாவற்றையும் செங்கல்பட்டில் ரயிலடிப் பக்கம் ஒற்றை அறையில் குடியிருக்கும் தம்பி ஜான்சன் வீட்டுக்குக் கொண்டுபோனாள். தானும் அங்கிருந்தே வேலைக்குப் போய் வருவது என்று விடுதியில் சொல்லிவைத்தாள். அறையில் கால் நீட்டினால் ஜான்சனின் குழந்தைகள் மேல் படும். யாரும் முகம் சுளிக்கவில்லை, ஆனாலும் ஏசுபாதம் கால்களை மடக்கியே உட்கார்ந்திருந்தான்.

முதல் மழை கூரையில் தடதடவென்று விழுந்தபோது அவன் கேட்டான். "இந்த மழைக்கு உன் தம்பி வூடு. அடுத்த மழைக்கு?"

சாராள் எழுந்தாள். போனை எடுத்து வாசற்படிக்குப் போய், சாரல் படாமல் முந்தானையால் மூடிக்கொண்டு, காதில் வைத்தாள். அந்தப் பக்கம் வேண்டா எடுத்ததும், நலமா என்றுகூடக் கேட்கவில்லை.

"சபை திருப்பி எப்போம்மா கூடுது?" என்றாள்.